வடிவு மேல போட்ட கேஸ்

ஜன்னலோரம் நீங்களே இருங்க. எனக்குக் காத்துப் பட்டா தலை வலிக்கும். இல்ல, பைய மேல வைக்க வேண்டாம், மடியிலேயே இருக்கட்டும். உள்ள கேஸ் கட்டு. மதுரைக்குத்தான் போறேன். ஒத்தக்கடையில ஐகோர்ட்டு இருக்குல்லா, அங்க. வழியெல்லாம் யாரும் எனக்குச் சொல்ல வேண்டாம். எந்த மரத்தடியில எந்த வக்கீலோட குமாஸ்தா நிப்பாருங்கது வரைக்கும் தெரியும்.

பயந்துராதீங்க. கொலைக் கேஸ், சொத்துக் கேஸ் ஒண்ணும் இல்ல. புரமோஷன் கேஸ். நீங்க டீச்சர்தானே? கையில திருத்துத பேப்பரு இருக்கே. அப்ப உங்களுக்குச் சொன்னாப் புரியும். சீனியாரிட்டி, பேனலுன்னு உங்க பக்கமும் அடிச்சுக்கிடுவாங்கல்லா.

என் பேரு ராஜகனி. திருநெல்வேலியில ஒரு அரசாங்க ஆபீஸ்ல கண்காணிப்பாளரா இருந்து ரிட்டயர் ஆனவ. எந்தத் துறைன்னு கேக்காதீங்க. கேஸ் யாரு மேலன்னு கேளுங்க. வடிவு மேல. முழுப்பேரு சுடலைவடிவு. மனுவுல அவ மூணாவது எதிர்மனுதாரர். முதல்ல அரசாங்கம், ரெண்டாவது எங்க மேலதிகாரி, மூணாவது அவ. முதல் ரெண்டு பேரு மேலயும் எனக்கு ஒரு கோவமும் கிடையாது.

நான் பரிச்சை எழுதி வேலைக்கு வந்தவ. அவ புருசன் செத்து வேலைக்கு வந்தவ. இதச் சொன்னா எல்லாரும் மூஞ்சியச் சுளிக்காங்க. உள்ளதத்தானே சொல்லுதேன்? அவ புருசன் எங்க துறையில ஜீப்பு ஓட்டுனவரு. கயத்தாறு பக்கம் லாரி மோதிப் போயிட்டாரு. கருணை அடிப்படையில இவளுக்கு வேலை குடுத்தாங்க. இடுப்புல ஒரு பொம்பளைப் பிள்ளை. படிச்சது பத்தாவது. நான் அந்த ஆபீஸ்ல சேர்றதுக்குக் கொஞ்ச மாசம் முந்தி அவ சேர்ந்துட்டா. அந்தக் கொஞ்ச மாசம்தான் பாத்துக்கிடுங்க, அவ சீனியர், நான் ஜூனியர். வயசுல நான் மூத்தவ, படிப்புல நான் மூத்தவ, எல்லாத்துலயும் மூத்தவ, லிஸ்டுல மட்டும் அவளுக்குக் கீழ.

ஆனா அப்ப நான் அதெல்லாம் நினைக்கல. நான் சேர்ந்து வேலையப் பிடிச்சுக்கிட்ட புதுசுல அவ ஒரு மூலையில உக்காந்து அழுதுக்கிட்டே டைப் அடிப்பா. அடிச்சதுல பாதி தப்பு. அப்ப இருந்த சூப்பிரண்டு தூக்கி எறிவாரு. நான்தான் அவளப் பக்கத்துல உக்கார வச்சு, "ஏட்டி, குறிப்பு இப்பிடி எழுதணும், கோப்பு இப்பிடிக் கட்டணும்"னு சொல்லிக் குடுத்தேன். அக்கா அக்கான்னு என் முந்தானையப் பிடிச்சுக்கிட்டே திரிஞ்சா. பிள்ளைக்குக் காய்ச்சல்னா நான்தான் கூடப் போவேன். பாளையங்கோட்டை பெரியாஸ்பத்திரியில வராண்டாவுல அவ பிள்ளைய மடியில போட்டுக்கிட்டு நான் இருந்திருக்கேன். எங்க வீட்ல அவுக கூடக் கேப்பாவ, "உனக்கு நான் புருசனா, வடிவு புருசனா?"ன்னு.

எங்க துறையில கண்காணிப்பாளர் ஆகணும்னா டிகிரி வேணும். அவகிட்ட ஏது டிகிரி? "நான் காலம் பூரா இப்பிடித்தான்க்கா"ன்னு சொல்லுவா. நான்தான் சொன்னேன், "எதுக்குட்டி அப்பிடிச் சொல்லுத? பிளஸ் டூ எல்லாம் வேண்டாம், திறந்தநிலைப் பல்கலைக்கழகத்துல நேரா பி.ஏ. எழுதலாம்"னு. விண்ணப்பம் வாங்கிட்டு வந்ததும் நான்தான். பாடம் சொல்லிக் குடுத்ததும் நான்தான். அவளுக்குப் பானிப்பட்டுப் போரு எத்தனைன்னே நிக்காது மண்டையில. சொல்லிச் சொல்லிப் பாஸ் பண்ண வச்சேன்.

நல்லதுன்னு நினைச்சுத்தான் சொன்னேன். பின்னால சட்டம் அப்பிடி வரும்னு எனக்கு என்ன ஜோசியமா தெரியும்?

டிகிரியும் வந்துட்டு, துறைத் தேர்வும் ரெண்டு பேரும் பாஸாயிட்டோம். ஒரு இடம் காலி. லிஸ்டுல அவ மேல, நான் கீழ. அவளுக்கு ஆர்டர் வந்துட்டு. சரி, வரட்டும். எனக்கு வயித்தெரிச்சல்னு நினைக்காதீங்க. அன்னைக்கு அல்வா வாங்கிட்டு வந்து எல்லாருக்கும் குடுத்ததே நான்தான். கேட்டுப் பாருங்க யாரயும்.

கண்காணிப்பாளர் நாற்காலியில அவ உக்காந்து ஒரு வாரம் இருக்கும். மேலதிகாரி வந்திருக்காரு, கூட வேற ரெண்டு ஆபீசர் இருக்காங்க. நான் ஒரு கோப்ப எடுத்துட்டுப் போய், "ஏட்டி வடிவு, இதுல கையெழுத்துப் போட்ரு"ன்னேன். பழக்கம். வேற எப்பிடிக் கூப்பிட? அந்த ஆபீசர் ரெண்டு பேரும் ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாத்தாங்க. அவ கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டா.

சாயங்காலம் எல்லாரும் கிளம்புனப்புறம் எம் பக்கத்துல வந்தா. வந்து மெதுவாச் சொல்லுதா: "அக்கா, ஒண்ணு கேட்டா கோவப்பட மாட்டீங்களே. ஆபீஸ் நேரத்துல, வெளியாளு இருக்கும்போது மட்டும், மேடம்னு கூப்பிடுங்கக்கா. நான் கீழ இருந்து வந்தவன்னு எல்லாரும் ஒரு மாதிரியாப் பாக்காங்க. வீட்டுல நான் அதே வடிவுதான்."

கேட்டியளா? என்ன கேட்டா, கேட்டியளா? நான் பானிப்பட்டுச் சொல்லிக் குடுத்த பிள்ளை. நான் மூக்கு சிந்தி விட்ட பிள்ளைக்குத் தாயி. மேடமாம்.

"அதுக்கென்ன, கூப்பிட்டுட்டாப் போச்சு"ன்னு சிரிச்சுக்கிட்டே சொன்னேன். மறுநாள்ல இருந்து கூப்பிட்டேன். வெளியாளு இருந்தாலும் மேடம், இல்லாட்டியும் மேடம். "மேடம், மணியாச்சு மேடம். மேடம், காப்பி மேடம்." அவ கண்ணுல தண்ணி முட்டும். "அக்கா, என்னக்கா இப்பிடி?"ம்பா. "அக்கா இல்ல மேடம், உதவியாளர்"ம்பேன்.

வேலையும் கொஞ்சம் மெதுவாத்தான் பாத்தேன். பொய் சொல்லல. அவ கேக்குத கோப்பு கிடைக்காது. கிடைக்காதுன்னா, தேடணும்லா. தேட நேரம் எடுக்கும்லா. ஒரு நாளு மேலிடத்துல இருந்து கேட்ட அறிக்கை போகல. மேலதிகாரி அவளக் கூப்பிட்டு அத்தனை பேரு முன்னால காச்சு காச்சுன்னு காச்சிட்டாரு. மறுநாளு என் மேஜையில ஒரு தாளு. விளக்கம் கேட்டு. 'மேற்படி பணியாளர் திருமதி ராஜகனி தனது கடமையில் அலட்சியமாக'ன்னு. கீழ அவ கையெழுத்து. அந்தக் கையெழுத்தப் போட அவளுக்கு நான் பழக்கி விட்டிருக்கேன் டீச்சர். முதல்ல கோழி கிண்டுன மாதிரிப் போடுவா.

அத மடிச்சுப் பையில வச்சேன். அன்னைக்கு முடிவு பண்ணேன். உன்ன அந்த நாற்காலியில இருந்து இறக்காம நான் சாக மாட்டேன்னு.

எப்பிடி இறக்க? லஞ்சம் வாங்க மாட்டா. லேட்டா வர மாட்டா. ஒழுங்கா இருக்கவள என்ன செய்ய முடியும், சொல்லுங்க. அப்பத்தான் எங்க சங்கத்துக்காரரு ஒருத்தரு ஒரு அரசாணையப் பத்திப் பேசிக்கிட்டிருந்தாரு. பத்தாவது, பன்னிரண்டாவது, அதுக்கப்புறம் டிகிரி. அந்த வரிசையில படிச்சிருந்தாத்தான் செல்லும். நடுவுல பன்னிரண்டாவதத் தாண்டிக் குதிச்சு வாங்குன டிகிரி புரமோஷனுக்குச் செல்லாது. எனக்கு உச்சந்தலையில ஐஸ் வச்ச மாதிரி இருந்துச்சு. அவரு சொல்லுதாரு, "பாவம், இதுல நிறையப் பேரு மாட்டுவாங்க, யாரும் கிளறாம இருந்தாச் சரி"ன்னு.

நான் கிளறுனேன்.

மதுரையில வக்கீல் அருள்தாஸ்னு ஒருத்தரப் பிடிச்சேன். நல்ல மனுசன். வெத்தலை போட்டுக்கிட்டே கேப்பாரு. எல்லாத்தையும் கேட்டுட்டு, "கேஸ் பலமான கேஸ்தான். ஆனா ஒண்ணு கேக்கேன். அந்தம்மா பிளஸ் டூ படிக்காம டிகிரி வாங்குனது உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"னு கேட்டாரு. "தோழிங்க. எல்லாம் சொல்லுவா"ன்னேன். அவரு வெத்தலையத் துப்பிட்டு வந்து மனு எழுத உக்காந்தாரு.

வீட்ல அவுகளுக்குப் பிடிக்கல. அவுக ரேஷன் கடையில எடைபோட்டவுக, பயந்த சுபாவம். "வேண்டாம் ராஜி. அவ நம்ம வீட்டுல சாப்பிட்ட பிள்ளை"ன்னாவ. "சாப்பிட்ட கையாலதான் எனக்கு மெமோ எழுதுனா"ன்னேன். அதுக்கப்புறம் அவுக அதப் பத்திப் பேசல. வேற எதப் பத்தியும் பெருசாப் பேசல, அது வேற விசயம்.

நோட்டீஸ் போச்சு. அவ நோட்டீஸ வாங்குன அன்னைக்கு ஆபீஸ்ல எல்லாரும் என்னப் பாக்காங்க. அவ பாக்கல. நாற்காலியில உக்காந்து, அன்னைக்கு வந்த தபாலெல்லாம் ஒண்ணொண்ணாப் பிரிச்சுக் கையெழுத்துப் போட்டா. மத்தியானம் எழுந்து போய்க் குழாயடியில மூஞ்சி கழுவிட்டு வந்தா. அவ்வளவுதான்.

எனக்கு ஒரே ஒரு பயம் இருந்துச்சு. அவளும் வக்கீல் வச்சுட்டா. பதில் மனுவுல என்ன எழுதப் போறான்னு. 'இந்த டிகிரிய எழுதச் சொன்னதே மனுதாரர்தான், விண்ணப்பம் வாங்கிக் குடுத்ததே மனுதாரர்தான்'னு எழுதிட்டா? சட்டத்துக்கு அது ஒண்ணும் பெருசில்லையாம், ஆனா நீதிபதி ஒரு மாதிரியாப் பாப்பாருல்லா. அருள்தாஸ் வக்கீலுக்கு நான் அதச் சொல்லியிருக்கல. பதில் மனு வந்த அன்னைக்கே வாங்கி வரி வரியாப் படிச்சேன். எங்கயும் இல்ல. ஒரு வார்த்தை இல்ல. 'நான் நன்னம்பிக்கையில் படித்தேன்'னு மட்டும் எழுதியிருக்கா.

சொல்ல வாயில்ல அவளுக்கு. சொன்னா அசிங்கம்லா, இவ சொல்லித்தான் நான் படிச்சேன்னு. கவுரவம் பாத்துட்டா. நல்லதாப் போச்சு எனக்கு.

கேஸ் வருசக்கணக்கா இழுத்துச்சு. நான் ஒரு வாய்தா விட்டதில்ல. லீவு போட்டு இதே பஸ்ல போவேன். வரிசை நம்பரு வந்து, வக்கீல் எந்திரிச்சு, "ரெண்டு வாரம் அவகாசம்"னு சொல்லி உக்காந்துருவாங்க. அதுக்கு ஒரு நாளு போயிரும். சில நாளு அவளும் வருவா. ஒரே பஸ்ஸாக் கூட அமைஞ்சிரும். அவ முன்னால, நான் பின்னால. ஒரு தடவை கோவில்பட்டியில பஸ்ஸு ரிப்பேராகி எல்லாரையும் இறக்கி விட்டுட்டாங்க. நல்ல வெயிலு. கடையோரம் நிக்கேன். அவ ரெண்டு எளநீ வாங்கி, ஒண்ண எம் பக்கத்துல பெஞ்சுல வச்சுட்டுத் தள்ளிப் போய் நின்னுக்கிட்டா. பாத்தியளா, எவ்வளவு கெட்டிக்காரத்தனம்? நான் குடிச்சா, கேஸப் போட்டவளே அவ கையால வாங்கிக் குடிச்சான்னு ஆயிரும். தொடவே இல்ல. அங்கனயே கிடந்துச்சு. எறும்பு மொய்ச்சுப் போச்சு.

கடைசியில தீர்ப்பு வந்துச்சு. எம் பக்கம். சுடலைவடிவுக்குக் குடுத்த பதவி உயர்வு செல்லாது, மறுபடி உதவியாளர் ஆக்கணும், தகுதியானவங்களப் பரிசீலிக்கணும். அதோட, அதே மாதிரி டிகிரி வச்சிருக்க மத்தவங்களையும் துறை பாக்கணும்னு ஒரு வரி. அந்த வரிய நான் கேக்கல, டீச்சர். நீதிபதியாச் சேத்தது. அதுல தென்காசி, தூத்துக்குடின்னு எங்கெங்கயோ இருந்தவங்களுக்கெல்லாம் பதவி போச்சு. ஒருத்தருக்கு ரிட்டயராக மூணு மாசம் இருந்துச்சாம். அவரு வீட்டம்மா எனக்குப் போன் போட்டு மண்ணள்ளித் தூத்தாத குறையா ஏசுச்சு. நான் என்ன செய்ய? நான் வடிவு மேலதானே கேஸ் போட்டேன்?

இன்னொண்ணு சொல்லுதேன் கேளுங்க, இதான் முக்கியம். தீர்ப்பு வந்த நேரம் எது தெரியுமா? அவ மக பொன்மலருக்குக் கல்யாணம் வச்சிருந்தா. பத்திரிகை அடிச்சாச்சு. 'மணமகளின் தாயார் சுடலைவடிவு, கண்காணிப்பாளர்'னு. மாப்பிள்ளை வீட்டுக்காரங்க கொஞ்சம் வசதியான ஆளுங்க. நான் ஆர்டர் நகலை வாங்கிட்டு வந்து ஆபீஸ்ல மேலதிகாரி மேஜையில வச்சு, "அய்யா, கோர்ட்டு உத்தரவு, உடனே அமல்படுத்தணும், இல்லன்னா அவமதிப்பு வழக்கு வரும்"னேன். அவரு தலையில கை வச்சாரு. "கல்யாணம் முடியட்டும்மா, ஒரு ரெண்டு வாரம் கழிச்சு"ன்னாரு. "கோர்ட்டுக்குக் கல்யாணம் தெரியுமா அய்யா?"ன்னேன். மறுநாளே அவள இறக்கி உத்தரவு போட்டுட்டாரு.

பத்திரிகை எங்க வீட்டுக்கும் வந்துச்சு. அவளே கொண்டு வந்து எங்க வீட்ல அவுக கையில குடுத்துட்டுப் போயிருக்கா, நான் இல்லாத நேரம். பிரிச்சுப் பாக்கேன். 'கண்காணிப்பாளர்'ங்க எழுத்து மேல நீலப் பேனாவால ஒரு கோடு. ஸ்கேலு வச்சு, நேராப் போட்டிருக்கா. ஒவ்வொரு பத்திரிகையா உக்காந்து கோடு அடிச்சிருப்பால்லா? எல்லாத்தையும்! அந்தக் கோட்டப் பாத்துக்கிட்டே எவ்வளவு நேரம் இருந்தேன்னு எனக்கே தெரியல. வயித்துக்குள்ள குளுகுளுன்னு இருந்துச்சு. நான் ஏன் பொய் சொல்லணும்? அன்னைக்கு மாதிரி ஒரு சந்தோசம் எனக்கு எம் மகன் பிறந்தப்பக் கூட இல்ல.

கல்யாணத்துக்கு நான் போகல. எங்க வீட்ல அவுக, பல்லு வலிக்கு, ஆஸ்பத்திரிக்குப் போறேன்னு வேட்டி சட்டை போட்டுக்கிட்டுக் கிளம்புனாவ. பல்லு வலிக்குப் பட்டு வேட்டியா? திரும்பி வரும்போது கையில தேங்காய்ப் பை. நான் பையப் பாக்கேன், அவுக என்னப் பாக்காவ. "மாப்பிள்ளை வீட்டுக்காரங்க ஒண்ணும் சொல்லலயா?"ன்னு கேட்டேன். "ஒண்ணும் சொல்லல. அந்தப் பையன் வடிவு காலுல விழுந்து கும்பிட்டான்"ன்னாவ. அந்தத் தேங்காய நான் சமையல்ல சேக்கல.

அதுக்கப்புறம் என் பேரு பதவி உயர்வுப் பேனல்ல வந்து, நான் கண்காணிப்பாளர் ஆனேன். அதே நாற்காலி. அவ எனக்குக் கீழ உதவியாளர். நான் உக்காந்த முதல் நாளே அவ எந்திரிச்சு வந்து, கோப்ப வச்சு, "கையெழுத்து வேணும் மேடம்"ன்னா. எல்லாரும் மேடம்னாங்க. வாசல்ல இருக்க காவலாளி வரைக்கும் மேடம். ஒருத்தரு கூட அக்கான்னு வாய்தவறிச் சொல்லல. நான் அந்த ஆபீஸ்ல எல்லாருக்கும் அக்காவா இருந்தவ டீச்சர். நான் போனாப் பேச்சு நின்னுரும். நான் வாங்கி வச்ச மிச்சரு தட்டுல அப்பிடியே கிடக்கும். சரி, அதிகாரின்னா அப்பிடித்தான், தனியாத்தான் இருக்கணும். எனக்கு அது ஒண்ணும் பெருசில்ல.

இவ சும்மா இருந்தாளா? இல்ல. என் மேஜையில ஒரு விண்ணப்பம் வைக்கா. பன்னிரண்டாவது தனித்தேர்வு எழுதத் துறை அனுமதி வேணும்னு. ஐம்பது வயச எட்டிப் பிடிக்கப் போறவ, பேத்தி எடுக்கப் போறவ, பிளஸ் டூ எழுதப் போறாளாம்! எழுதிட்டு, அதுக்கப்புறம் டிகிரிய முதல்ல இருந்து படிக்கப் போறாளாம், வரிசையா. நான் விண்ணப்பத்தை வாங்கி வச்சுக்கிட்டேன். மேல அனுப்பணும். அனுப்பல. அவ வந்து கேப்பா, "மேடம், அந்த விண்ணப்பம்..." "பரிசீலனையில இருக்கு"ம்பேன். மறுபடி வந்து கேப்பா. "பரிசீலனையில இருக்கு." பரிச்சைத் தேதி வந்துட்டு. அவ லீவு போட்டுட்டுப் போய் எழுதிட்டா.

நான் போய்ப் பாத்தேன், சும்மா. பாளையங்கோட்டையில ஒரு பள்ளிக்கூடத்துலதான் சென்டரு. கேட்டுக்கு எதுத்தாப்புல ஜூஸ் கடையில நின்னுக்கிட்டு. அந்தப் பிள்ளைகளுக்கு நடுவுல இவ கண்ணாடியப் போட்டுக்கிட்டு வெளிய வாரா. மூக்கு நுனியெல்லாம் மை. ஒரு பிள்ளை இவகிட்ட, "ஆன்ட்டி, எட்டாவது கேள்விக்கு என்ன எழுதுனீங்க?"ன்னு கேக்குது. இவ அதுக்குக் கையக் கையக் காட்டி விளக்கம் சொல்லுதா. தப்பாத்தான் சொல்லியிருப்பா. பக்கத்துல இருந்து யாராவது சொல்லிக் குடுத்தாத்தானே அவளுக்கு ஏறும்.

பாஸாயிட்டா. எப்பிடின்னு எனக்கு இன்னும் புரியல.

நான் ரிட்டயர் ஆனேன். வழியனுப்பு விழான்னு ஒண்ணு வச்சாங்க. மாலை போட்டாங்க, பேசுனது ரெண்டு பேரு. மூணாவதா அவ எந்திரிச்சா. எனக்குத் திக்குன்னுச்சு, சபையில ஏதும் சொல்லிருவாளோன்னு. "எனக்குக் கோப்பு கட்டச் சொல்லிக் குடுத்தது ராஜகனியக்காதான். எம் பிள்ளைய மடியில போட்டு ஆஸ்பத்திரியில இருந்ததும் அக்காதான். நல்லா இருக்கணும்"னு சொல்லிட்டு உக்காந்துட்டா. எல்லாரும் என்னையே பாக்காங்க. எவ்வளவு விசம் பாத்தியளா? திட்டியிருந்தாக் கூட நான் பதில் சொல்லியிருப்பேன்.

அதோட முடிஞ்சுதுன்னுதான் நானும் இருந்தேன். மகன் பெங்களூரு போயிட்டான். வீட்ல அவுக காலையில எந்திரிச்சு நூலகத்துக்குப் போனா மத்தியானம்தான் வருவாவ. நான் டிவியப் போடுவேன், அமத்துவேன்.

போன மாசம் ஒரு நாளு காலையில போன் அடிக்கு. பேரு வருது, வடிவு. அந்த நம்பர நான் அழிக்கல, கேஸுக்கு வேணும்லா. எடுத்தேன். "அக்கா"ங்கா. எத்தனை வருசம் கழிச்சு எங்கிட்ட நேரா அக்காங்கா. "அக்கா, ஆர்டர் வந்துட்டு. டிகிரி முடிச்சுட்டேன்லா, மறுபடியும் கண்காணிப்பாளர் குடுத்துட்டாங்க. இன்னும் யாருக்கும் சொல்லல, பொன்மலருக்குக் கூடச் சொல்லல. முதல்ல உங்களுக்குத்தான் சொல்லணும்னு தோணுச்சு."

நான் போன வச்சுட்டேன். யாருகிட்டச் சொல்லுதா பாத்தியளா? குத்திக் காட்டத்தானே? வேற எதுக்கு ஒருத்தி அப்பிடிப் போன் பண்ணுவா, நீங்களே சொல்லுங்க.

அன்னைக்கே அருள்தாஸ் வக்கீல்கிட்டப் போனேன். "அய்யா, அவ துறை அனுமதி வாங்காமப் பன்னிரண்டாவது எழுதியிருக்கா. அது விதிமீறல். அதனால அந்தப் படிப்பும் செல்லாது, அதுக்கு மேல வாங்குன டிகிரியும் செல்லாது. புரமோஷன ரத்து பண்ணணும்"னேன். அவரு வெத்தலைய மென்னுக்கிட்டே, "அனுமதி கேட்டாங்களா?"ன்னாரு. "கேட்டா." "யாருகிட்ட நின்னுச்சு?" "எங்கிட்ட." அவரு என் கேஸ் கட்ட மூடி எம் பக்கம் தள்ளுனாரு. அப்புறம் சொல்லுதாரு, "சரி, அத ஒரு பக்கம் வைங்க. நீங்க இப்ப வேலையில இல்ல. அந்த இடம் உங்களுக்கு வரப் போறதும் இல்ல. அந்தம்மா அங்க உக்காந்தா உங்களுக்கு என்ன பாதிப்புன்னு நீதிபதி முதல் கேள்வி கேப்பாரு. பாதிக்கப்பட்டவங்கதான் மனுப் போட முடியும்."

சரி, பாதிக்கப்பட்டவங்க ஒருத்தரக் கொண்டாறேன்னு வந்தேன். வடிவுக்கு அடுத்த இடத்துல எட்வின்னு ஒரு தம்பி. அவ நிக்கலன்னா அவனுக்குத்தான் அந்தப் பதவி. வீட்டுக்கே போய், "தம்பி, நீ கையெழுத்து மட்டும் போடு, மத்ததெல்லாம் நான் பாத்துக்கிடுதேன்"னேன். அவன் தண்ணி குடுத்தான். உக்கார வச்சான். உக்கார வச்சுச் சொல்லுதான், "மேடம், அவங்க அந்த நாற்காலிக்கு ரெண்டு தடவை படிச்சு வந்திருக்காங்க. எனக்கு ஒரு வருத்தமும் இல்ல. நீங்க வீட்டுக்குப் போய் ரெஸ்ட் எடுங்க மேடம்." அவன் பெண்டாட்டி உள்ள நின்னு சிரிக்கா. எனக்குக் கேட்டுச்சு.

அதான், நானே போடுதேன். எம் பேருல. அருள்தாஸ் இல்லாட்டி வேற வக்கீல். யாரும் வரலன்னா நானே நின்னு வாதாடுவேன், அதுக்கும் சட்டத்துல இடம் இருக்கு. அவளுக்கு இன்னும் சர்வீஸ் இருக்கு. அது முடியுததுக்குள்ள ஒரு தடை உத்தரவு வாங்கிட்டாப் போதும். மறுபடியும் அவ ஸ்கேலு வச்சுக் கோடு போடணும். அத நான் பாக்கணும்.

வக்கீல் சொல்லியிருக்காரு, "சரிம்மா, இவ்வளவு பிடிவாதமா இருக்கீங்க. 'எனக்கு ஏற்பட்ட பாதிப்பு'ன்னு மனுவுல ஒரு பாரா வரணும். ஒரே ஒரு வரியில, தெளிவா, நீங்களே எழுதிக் கொண்டாங்க. அது நிக்குதான்னு பாக்கேன்"னு. ஒரு வரிதானே, எழுதிருவோம்னு உக்காந்தேன். நான் குறிப்பு எழுதுனா மேலதிகாரி ஒரு எழுத்துத் திருத்த மாட்டாரு, அப்பிடி எழுதுவேன். 'மனுதாரராகிய எனக்கு மேற்படி மூன்றாம் எதிர்மனுதாரரால்'. அதுவரைக்கும் அழகா வருது. அதுக்கு மேல பேனா ஓட மாட்டேங்கு. எழுதுதேன், கிழிக்கேன். எழுதுதேன், கிழிக்கேன். எங்க வீட்ல அவுககிட்டக் கேட்டேன். செருப்ப மாட்டிக்கிட்டு வெளிய போயிட்டாவ.

எங்க வந்திருக்கு பஸ்ஸு? திருமங்கலமா? நீங்க இங்கதான் இறங்கணும்னியளே. ஒரு நிமிசம் இருங்க டீச்சர், கண்டக்டர் நிறுத்துவாரு. இந்தாங்க பேனா. நீங்க இவ்வளவு நேரம் முழுசாக் கேட்டிய. அவ எனக்கு என்ன செஞ்சா? ஒரே ஒரு வரி. நீங்களே எழுதிக் குடுங்களேன்.